இருப்பதிலேயே நல்ல எழுத்து

மார்ச் 3

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுகிறேன். அப்பாவேதான். பேனா என் கையில்தான் இருக்கிறது. மேலே இருக்கிற இரண்டு வரியை முடிப்பதற்குள் டீ ஆறிப்போய்விட்டது. ஆறின டீயும் இன்றைக்கு நன்றாகத்தான் இருக்கிறது.

நீ விழுங்கிப் பிளவை விட்டு வெளியே வந்துவிட்டாய் என்று கீழ் வாசல் டிக்கெட் கிளார்க் சொல்லி அனுப்பினார். திரும்பிக்கூடப் பார்க்காமல் பஸ் ஏறிவிட்டாயாம். நீ வேலை பார்க்கிற அச்சகத்தின் விலாசமும் அவர் கொடுத்ததுதான். ஒன்றரை வருடமாக மேல் வாசலில் வண்டியை இழுக்கிற விஞ்ச் பிடியைப் பிடித்துக்கொண்டு அந்தப் பிளவையே பார்த்தபடி நின்றவன் நான். செய்தி வந்ததும் பிரேக்கைப் பிடிக்கிற நெட்டையனைக் கட்டிக்கொண்டேன். "விடுங்கண்ணே, பிரேக்ல கை இருக்கு" என்று அலறினான். வண்டி ஒரு அடி பின்னால் போய் நின்றது.

நான் எழுதுவது உனக்கு ஆச்சரியமாக இருக்கும். நீ கிளம்புவதற்குப் பல மாதம் முன்பே ஸ்டோர்கீப்பர் வீட்டம்மாவிடம் படிக்கப் போய்க்கொண்டிருந்தேன். விஞ்சுக்கு எண்ணெய் போடப் போகிறேன் என்று சாயங்காலம் கிளம்புவேனே, அது அங்கேதான். "அந்த விஞ்சுக்கு எதுக்குப்பா இவ்ளோ எண்ணெய்?" என்று ஒருநாள் நீ கேட்டாய். எண்ணெய் தேவைப்பட்டது எனக்கு அம்மா. துருப்பிடித்துப்போன மண்டை.

வண்டி ஏறுகிற இடத்தில் ஒரு அறிவிப்பு மாட்டியிருக்கிறதே, அதை இப்போது நானே வாசிக்கிறேன். கையெழுத்துக்காகத் தினமும் பார்த்து எழுதுகிறேன். நீயும் பார்:

'பிளவுக்குள் வாயைத் திறக்காதீர். உள்ளே எழும் ஒலியை இது விழுங்கும். விழுங்கிய ஒலிக்கு ஏற்ப உங்கள் காலத்தையும் எடுத்துக்கொள்ளும். விழுங்கியதைத் தான் நினைத்த நேரத்தில் பெரிதாக்கித் துப்பும். பாறைப் பொடி உதிர்ந்தால் உடனே பக்கத்துக் குடைவுக்குள் புகவும்.'

எவ்வளவு அழகாக எழுதியிருக்கிறார்கள்! இத்தனை வருடமாக நான் பயணிகளிடம் "சத்தம் போட்டா போச்சு, அவ்ளோதான்" என்று முடித்துவிடுவேன். சத்தமாகக் கொட்டாவி விட்டவர் மறுநாள் வெளியே வந்ததையும், உள்ளே சண்டை போட்ட புருஷன் பெண்டாட்டி வெளியே வந்தபோது அவர்கள் வீட்டில் வேறு ஆள் குடியிருந்ததையும் சொன்னால்தான் ஜனங்கள் கேட்பார்கள்.

இப்போது முக்கியமான விஷயம். அன்றைக்கு உன் வண்டி உள்ளே போனதும் விஞ்ச் அறை ஜன்னல் வழியாகப் பார்த்தேன். மேலே பொடி உதிர்ந்தது. கத்தினால் உனக்குக் கேட்காது. விஞ்சை நிறுத்தினேன். அறையில் கிடந்த பலகையை எடுத்துச் சாக்கட்டியால் இரண்டே எழுத்து எழுதித் தூக்கிப் பிடித்தேன். கடைசி வரிசையில் என்னைப் பார்த்தபடி நீ உட்கார்ந்திருந்தாய். கொஞ்ச நேரத்தில் எந்தக் காலத்திலோ யாரோ போட்ட தும்மல் ஒன்று வெளியே வந்து வண்டியையே தூக்கிப் போட்டது. நீ உயிரோடு இருக்கிறாய் என்றால் அந்த இரண்டு எழுத்தால்தான். நான் ஒருத்தருக்காக எழுதின முதல் சொல் அது.

அந்தப் பலகையை நான் அழிக்கவில்லை. எழுத்தின் மேல் வெள்ளை பெயிண்ட் ஓட்டி, பயணிகள் காத்திருக்கிற அறையில் ஆணி அடித்து மாட்டியிருக்கிறேன். வருகிறவர் எல்லோரும் வாசிக்கிறார்கள். சிலர் என்னைப் பார்த்துச் சிரிக்கிறார்கள். நானும் சிரிக்கிறேன்.

பதில் போடு. நானே வாசிப்பேன்.

அப்பா


மார்ச் 11

அப்பாவுக்கு எழுதிக் கொடுப்பவருக்கு,

நீங்கள் யார் என்று எனக்குத் தெரியாது. இதை அவரிடம் வாசித்துக் காட்டுங்கள். 'பேனா என் கையில்தான் இருக்கிறது' என்று எழுதச் சொன்னது அவருடைய குறும்பாக இருக்கும். எங்கள் அப்பாவுக்குத் தன் பெயரைக்கூட எழுதத் தெரியாது.

ஒன்று கேட்கிறேன். அன்று அந்தப் பலகையில் எழுதிக் கொடுத்ததும் நீங்கள்தானா? எழுதும்போது கை கூசவில்லையா?

வேலைக்காக வீட்டை விட்டுக் கிளம்பினேன். அவருக்குப் பிடிக்கவில்லை. வழியனுப்பக்கூட வரவில்லை, ஜன்னலுக்குப் பின்னால் நின்றுகொண்டார். அது அவர் சுபாவம் என்று விட்டுவிடலாம். ஆனால் படித்த ஒருத்தரைப் பிடித்து 'ஒழி' என்று எழுத வைத்து, வண்டி முழுக்க ஆட்கள் இருக்கும்போது அதை என் முகத்துக்கு நேராகத் தூக்கிப் பிடித்தார். எனக்குப் பக்கத்தில் இருந்த அம்மாள் அதை வாசித்தாள். பிறகு என் முகத்தைப் பார்க்காமல் தன் பையைத் திறந்து எதையோ தேடுகிற மாதிரி குனிந்துகொண்டாள். அந்தக் குனிந்த தலை இன்னும் என் கண்ணில் இருக்கிறது.

மற்றவர்கள் குடைவுக்குள் ஓடினார்கள். நான் எழுந்து நின்று கத்தினேன். விளைவு தெரிந்தேதான் கத்தினேன். எனக்கு அது ஒரு மூச்சு நேரம். வெளியே வந்தபோது ஒன்றரை வருடம் போயிருந்தது. அச்சகத்தில் என் நாற்காலியில் வேறொரு பெண் இருந்தாள். முதலாளி பாவம் பார்த்து மூலையில் ஒரு ஸ்டூல் போட்டுக் கொடுத்திருக்கிறார்.

அவர் சொன்னபடி ஒழிந்துவிட்டேன் என்று சொல்லுங்கள். இனி எழுத வேண்டாம்.


மார்ச் 20

என் வாயாடிக்கு,

உன் கடிதத்தை நானே வாசித்தேன். இரண்டு நாள் ஆனது. யாரிடமும் காட்டவில்லை. முதல் கடிதம், அதை எப்படி இன்னொருத்தர் கையில் கொடுப்பது?

வேறு ஒருத்தர் எழுதிக் கொடுத்தார் என்று நீ நினைக்கிற அளவுக்கா என் கையெழுத்து இருக்கிறது! டீச்சரிடம், அதுதான் ஸ்டோர்கீப்பர் வீட்டம்மாவிடம், சொன்னேன். அவருக்கும் சந்தோஷம். ஆனாலும் நீ நம்ப வேண்டும் என்பதற்காக, நம் இரண்டு பேருக்கு மட்டும் தெரிந்ததைச் சொல்கிறேன். அன்று காலையில் செருப்பு மாட்டிக்கொண்டே சொன்னாய்: "லெட்டர் போடுவேன்னு உக்காந்திருக்காதீங்க. போட்டா மட்டும் யாரு வாசிச்சுக் காட்டப்போறா?" நான் சிரித்தேன். நீ கதவைச் சாத்தின வேகத்தில் காலண்டர் கீழே விழுந்தது. நான் ஏன் சிரித்தேன் தெரியுமா? நீ கடிதம் போடுவாய், நான் நானே வாசித்துப் பதில் போடுவேன், அப்போது உன் முகம் எப்படி இருக்கும் என்று நினைத்துத்தான். வழியனுப்ப வராததும் அதனால்தான். பக்கத்தில் வந்தால் உளறிவிடுவேன்.

அடுத்தது. நீ எழுதினதில் பாதி எனக்குப் புரியவில்லை. ஆமாம், ஒழி என்றுதான் எழுதினேன். பொடி உதிர்ந்தால் பிறகு வேறென்ன எழுதுவார்கள்? நீ குடைவுக்குள் ஒழிந்துகொண்டால் போதும் என்றுதான் என் உயிர் துடித்தது. 'அவர் சொன்னபடி ஒழிந்துவிட்டேன்' என்று கடைசியில் எழுதியிருக்கிறாயே, அந்த வரியைத் திரும்பத் திரும்ப வாசித்தேன். அதுதானே எனக்கு வேண்டியது! அப்புறம் ஏன் கோபம்? பயத்தில் நீ கத்தியிருப்பாய், பரவாயில்லை. என்ன சொல்லிக் கத்தினாய்? வண்டியில் வந்தவர்கள் காதைப் பொத்திக்கொண்டிருந்தார்களாம், ஒருத்தருக்கும் தெரியவில்லை.

இந்தக் கடிதத்தில் சந்தேகம் வருகிற ஒவ்வொரு சொல்லையும் டீச்சரிடம் கேட்டுக் கேட்டுத்தான் எழுதுகிறேன். அந்த ஒரு சொல்லை மட்டும் கேட்கவில்லை. அது எனக்கே தெரிந்த சொல்.

அதிலும் ஒரு விஷயம் இருக்கிறது, உனக்கு மட்டும் சொல்கிறேன். நம் மொழியில் 'ல' மூன்று இருக்கிறது. வாயில் எனக்கு மூன்றும் ஒன்றுதான். கையில்தான் வேறு வேறு. அன்றைக்குப் பலகையை எடுத்ததும் எதைப் போடுவது என்று ஒரு கணம் திகைத்தேன். முதல் 'ல' ரொம்பச் சாதாரணம், எல்லாச் சொல்லிலும் வரும். நடு 'ள' எனக்கு அவ்வளவாகப் பிடிக்காது. 'ழ' இருக்கிறதே, அதுதான் அழகு. கீழே ஒரு வால் சுழித்துக்கொண்டு போகும். அதை எழுதப் பழக எனக்கு ஒரு மாதம் ஆனது. "உங்க 'ழ' மாதிரி எனக்கே வராது" என்று டீச்சர் சொல்லியிருக்கிறார். எழுதுவது உனக்கு என்பதால், இருப்பதிலேயே நல்ல எழுத்தாகப் பார்த்துப் போட்டேன்.

அப்பா


மார்ச் 27

அப்பா,

உங்கள் கடிதம் வந்ததும் எழுந்து போய்க் காகிதக் கட்டுகளுக்குப் பின்னால் நின்றுகொண்டேன். முதலாளி வந்து, "என்னம்மா, உடம்பு சரியில்லையா?" என்றார். "பிழை ஒண்ணு விட்டுட்டேன் சார்" என்றேன். "எந்தப் பக்கத்துல?" என்று கேட்டார்.

இதை எப்படிச் சொல்வது என்று தெரியவில்லை. சொல்லாமலும் இருக்க முடியாது. மறைந்துகொள் என்பதற்கு 'ஒளி' என்று எழுத வேண்டும். நடு 'ள'. உங்களுக்குப் பிடிக்காதது. 'ழ' போட்டால் அது வேறு சொல். தொலைந்து போ, செத்துப் போ என்று அர்த்தம்.

என் வேலை என்ன தெரியுமா அப்பா? மற்றவர்கள் எழுதியதில் எழுத்துப் பிழை பார்ப்பது. 'வாழ்க' என்பதை 'வாள்க' என்று எழுதிக் கொண்டுவருவார்கள். கல்யாணப் பத்திரிகையில் 'விழா' என்பதற்கு 'விலா' என்று போட்டிருப்பார்கள். சிவப்பு மையால் சுழித்துவிட்டு அடுத்ததைப் பார்ப்பேன். அவர்களுடைய மனசு கெட்டது என்று ஒருநாளும் நினைத்ததில்லை. பிழை என்றுதான் நினைத்தேன்.

உங்களுடையதை மட்டும் பிழை என்று நினைக்கவில்லை. உங்களுக்கு எழுத வரும் என்றே நான் நினைக்காததுதான் காரணம். 'அந்த மனுஷன் எழுதியிருப்பாரோ' என்று ஒரு நொடி தோன்றியிருந்தால் போதும், எனக்குப் புரிந்திருக்கும். அந்த ஒரு நொடியை நான் உங்களுக்குக் கொடுக்கவில்லை. பிறகு வந்த கடிதத்தையும் வேறு யாரோ எழுதியது என்றேன். எனக்கு உங்கள் முகத்தைப் பார்க்கக் கூச்சமாக இருக்கிறது.

என்ன கத்தினேன் என்று கேட்டீர்கள். 'அப்பா' என்றுதான். அது இன்னும் வெளியே வரவில்லை. உள்ளேதான் இருக்கிறது. அது வருகிறபோது நீங்கள் பக்கத்தில் இருக்கக் கூடாது. அடுத்த மாதக் கடைசியில் லீவு கேட்டிருக்கிறேன். நானே வருகிறேன். நீங்கள் விஞ்ச் அறையை விட்டு இறங்க வேண்டாம்.

அந்தப் பலகையை மட்டும் கழற்றிவிடுங்கள் அப்பா. தயவுசெய்து இன்றைக்கே.


ஏப்ரல் 4

மகளுக்கு,

உன் கடிதத்தை டீச்சரிடம் கொண்டுபோனேன். பலகையை அவர் பார்த்ததில்லை. முட்டி வலி, இந்த மேட்டுக்கு ஏறி வரமாட்டார். இரண்டு சொல்லையும் சிலேட்டில் எழுதிக் காட்டச் சொன்னேன். எழுதினார். பிறகு என்னைப் பார்க்காமல் ஈரத் துணியை எடுத்துச் சிலேட்டைத் துடைத்துக்கொண்டே இருந்தார்.

கழற்றிவிட்டேன். ஆட்கள் இருக்கும்போதுதான் கழற்ற வேண்டியிருந்தது. எல்லோரும் பார்த்தார்கள்.

உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு உள்ளே போகிறவர்களுக்கு நான் ஒன்றரை வருடமாக 'ஒழி' என்று சொல்லி அனுப்பியிருக்கிறேன். ஒரு வயசான அம்மாள் ஒருமுறை, "என்னப்பா இது, இப்படி எழுதிப் போட்டிருக்கு?" என்று கேட்டாள். "என் பொண்ணுக்காக நானே எழுதினதும்மா" என்று நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு சொன்னேன். அவள் எழுந்து அடுத்த பெஞ்சுக்குப் போய்விட்டாள். காற்று வரவில்லை போல என்று நினைத்து அவளுக்கு ஜன்னலைத் திறந்துவிட்டேன்.

நெட்டையனைப் பிடித்தேன். "ஏண்டா, நீ படிச்சவன்தானே, ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா?" என்றேன். "வேணும்னுதான் எழுதியிருக்கீங்கன்னு நெனச்சேண்ணே. டிக்கெட் எடுத்தவங்க மேல உங்களுக்கு என்னைக்கு ஆசை இருந்துச்சு?" என்கிறான். சிரிப்பு வந்தது. பாதிச் சிரிப்பில் நின்றுபோனது.

ஊர் சிரித்தது போகட்டும். நீ அந்தச் சொல்லை வாசித்தபோது நான் ஜன்னலில் என்ன செய்துகொண்டிருந்தேன் என்று நினைத்துப் பார்க்கிறேன். சிரித்துக்கொண்டிருந்தேன் அம்மா. பல்லெல்லாம் தெரியச் சிரித்துக்கொண்டிருந்தேன். என் மகள் என் எழுத்தை வாசிக்கிறாள் என்று.

உன் மேல் தப்பு இல்லை. எழுதினது நான்.

பலகையைச் சுரண்டிவிட்டேன். டீச்சர் எழுதித் தருகிறேன் என்றார், வேண்டாம் என்றேன். மூன்று நாளாக 'ள' போட்டுப் பழகி, இன்றைக்கு நானே எழுதினேன். ஒளி. இதற்கு வெளிச்சம் என்றும் அர்த்தம் உண்டு என்று டீச்சர் சொன்னார். ஒரே சொல்லுக்குள் இரண்டு! இந்த நிலைமையிலும் அது எனக்குச் சந்தோஷமாக இருந்தது, என்ன செய்ய.

நீ வர வேண்டாம். தப்பு செய்தவன்தான் நடந்து வர வேண்டும். வெள்ளிக்கிழமை வண்டியில் வருகிறேன். மாற்று ஆள் விஞ்சைப் பார்த்துக்கொள்வான். இத்தனை வருடம் வண்டியை இழுத்திருக்கிறேன், ஒருநாளும் ஏறினதில்லை. பலகையைக் கையோடு கொண்டுவருகிறேன். நீ பார்த்துச் சரி என்று சொன்னால்தான் திரும்ப ஆணியில் மாட்டுவேன்.

உன் குரல் உள்ளே இருக்கிறது என்கிறாய். இருக்கட்டும். நான் வாயைத் திறக்கமாட்டேன். இதோ, எழுதியே கொடுத்துவிட்டேன்.

அப்பா


ஏப்ரல் 19
விஞ்ச் அறை

அப்பா,

உங்கள் கடிதம் என் கைக்கு வந்தபோதே வெள்ளிக்கிழமை போய்விட்டிருந்தது. கீழ் வாசலுக்கு ஓடினேன். வண்டி வந்து நின்றது. நெட்டையன் அண்ணன் இறங்கி, என்னைப் பார்த்ததும் தொப்பியைக் கழற்றினார்.

அவர் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். "பொடி உதிர்ந்துச்சும்மா. எல்லாரும் குடைவுக்குள்ள போயிட்டோம். அண்ணனும்தான். பலகைய அக்குள்ல இடுக்கிக்கிட்டு, வாய ரெண்டு கையாலயும் பொத்திக்கிட்டுதான் நின்னாரு. அப்புறம் உன் குரல் வந்துச்சு. பாறையே கூப்பிடுற மாதிரி. பக்கத்துல நின்ன எனக்கே ஈரக்கொலை ஆடிப்போச்சு. அவரு பயப்படல. கைய எடுத்துட்டாரு. 'என்னம்மா'ன்னாரு. சத்தம் எனக்குக் கேக்கல, உதடு அசைஞ்சதைத்தான் பார்த்தேன். அடுப்படியிலேர்ந்து நீ கூப்பிட்டா எப்படித் திரும்பிக் கேப்பாரோ, அப்படி. அப்புறம் அந்த இடத்துல ஆளைக் காணோம்."

என் 'அப்பா'வுக்கு ஒன்றரை வருடம் என்றால், உங்கள் 'என்னம்மா'வுக்கு இன்னும் கொஞ்சம் கூட ஆகும் என்கிறார்கள். ஆகட்டும். அச்சகத்துக்கு எழுதிப் போட்டுவிட்டேன். விஞ்சை இப்போது நான்தான் பார்க்கிறேன். பிடி உங்கள் உள்ளங்கைக்குத் தகுந்த மாதிரி தேய்ந்திருக்கிறது. என் கை அதில் நழுவுகிறது.

காத்திருக்கிற அறையில் அந்த ஆணி அப்படியே இருக்கிறது. யாராவது பையை மாட்டப் போனால் வேண்டாம் என்று சொல்கிறேன். ஏன் என்று கேட்கிறார்கள். என்னால் சொல்ல முடிவதில்லை. ஒரு எழுத்தைப் பார்த்தேன், எழுதினவரைப் பார்க்கவில்லை என்று டிக்கெட் எடுத்தவரிடம் எப்படிச் சொல்வது?

நீங்கள் நின்ற குடைவு இந்த ஜன்னலிலிருந்து நேராகத் தெரிகிறது. நீங்கள் அதிலிருந்து காலை எடுத்து வைக்கிறபோது நான் இங்கேதான் நிற்பேன். குரல் கொடுக்கமாட்டேன். எனக்கென்று ஒரு பலகை வாங்கிவைத்திருக்கிறேன்.

அதில் என்ன எழுதுவது என்றுதான் தெரியவில்லை. தினமும் எழுதி அழிக்கிறேன். மன்னிப்புக் கேட்டு எழுதினால் பெரிய பெரிய சொல்லாக வருகிறது. நீங்கள் எழுத்துக் கூட்டி முடிப்பதற்குள் இன்னொரு தும்மல் வந்துவிடும். நீங்கள் 'என்னம்மா' என்று கேட்டிருக்கிறீர்கள். அதற்குத்தான் பதில் வேண்டும். வேறு ஒன்றும் வேண்டாம்.

உங்கள் மகள்


டிசம்பர் 2

என் வாயாடிக்கு,

இதைச் சாப்பாட்டுத் தூக்கின் மூடிக்கு அடியில் வைத்து விஞ்ச் அறைக்கு அனுப்புகிறேன். முதலில் சாப்பிடு, பிறகு வாசி. என் காது இன்னும் கீச்சிடுகிறது. நேற்று முழுக்க நீ ஏதோ பேசினாய், அழுதாய், ஒன்றும் கேட்கவில்லை. நான் தலையைத் தலையை ஆட்டினேன். எதற்காவது தப்பாக ஆட்டியிருந்தால் கோபித்துக்கொள்ளாதே.

நீ போன வருடம் ஏப்ரலில் எழுதின கடிதத்தை இன்று காலையில்தான் வாசித்து முடித்தேன். உனக்கு அது பழசு. எனக்கு மை காயவில்லை.

வாயைத் திறக்கமாட்டேன் என்று எழுதிக் கொடுத்துவிட்டுத் திறந்தேன். உன் ஒன்றேமுக்கால் வருடத்தைத் தின்றுவிட்டேன். உன் தலைமுடியில் ஒன்றிரண்டு நரை பார்த்தேன். வெட்கமாக இருக்கிறது. ஆனால் அது நான் யோசித்துச் சொன்னது இல்லை அம்மா. நீ கூப்பிட்டாய், வாய் தானாகக் கேட்டுவிட்டது.

ஆணியில் என் பலகையை மாட்டியிருக்கிறேன். 'ள' சரியா என்று நீ இன்னும் சொல்லவில்லை.

நேற்று நான் குடைவிலிருந்து வெளியே காலை வைத்தேன். எனக்கு அது அதே வெள்ளிக்கிழமை. வண்டியைக் காணோமே என்று திரும்பினால், ஜன்னலில் யாரோ பலகையைத் தூக்கிப் பிடித்திருந்தார்கள். மேலே பொடி உதிர்கிறதா என்றுகூடப் பார்க்கவில்லை. அங்கேயே நின்று, உதட்டை மட்டும் அசைத்து, ஒவ்வொரு எழுத்தாகக் கூட்டினேன்.

'ஒன்றுமில்லை அப்பா. சும்மா கூப்பிட்டேன்.'

யாரையும் கேட்கவில்லை. நானே வாசித்தேன்.